ரேச்சல் ஸெக்லரைத் தேடி எடுத்தவர்களுக்கு ஒரு திறந்த மடல்

ஹாலிவுட் ஸ்டூடியோ நிர்வாகிகளுக்கும், தயாரிப்பாளர்களுக்கும், நடிகர் தேர்வு செய்கிறவர்களுக்கும் வணக்கம்.

இளம் நடிகை ரேச்சல் ஸெக்லர் விஷயமாக உங்களிடம் கொஞ்சம் பேச வேண்டியிருக்கிறது. அவருக்கு வக்காலத்து வாங்கச் சொல்லி யாரும் என்னைக் கேட்கவில்லை. பரம ரசிகன் என்றும் சொல்லிக்கொள்ள மாட்டேன். அவர் நடித்ததில் பாதிதான் எனக்குப் பிடித்தது. ஆனால் 2025 மார்ச்சில் 'ஸ்னோ ஒயிட்' படுத்தபோது உங்கள் பக்கத்திலிருந்து வந்த பேச்சு சரியில்லை. லாபம் வந்தால் ஸ்டூடியோவின் சாமர்த்தியம், நட்டம் வந்தால் அந்தப் பெண்ணின் வாய்க்கொழுப்பு என்று ஒரு கணக்கு எழுதினீர்கள். அந்தப் பேரேட்டைக் கொஞ்சம் திறங்கள், சேர்ந்தே பார்ப்போம்.

2018 ஜனவரியில் ஸ்டீவன் ஸ்பீல்பெர்க் 'வெஸ்ட் சைட் ஸ்டோரி' என்ற பழைய இசைப் படத்தை மறுபடி எடுக்கப் புதுமுகங்களைத் தேடினார். 15 வயதிலிருந்து 25க்குள் இருக்க வேண்டும், பாடத் தெரிந்திருக்க வேண்டும், போர்ட்டோ ரிக்கோ பாத்திரங்களுக்கு லத்தீன் வம்சாவளியினர்தான் வேண்டும் என்று இணையத்தில் அழைப்பு வந்தது. 30,000 பேருக்கு மேல் விண்ணப்பித்தார்கள். அவர்களில் ஒருத்தி நியூ ஜெர்சியின் கிளிஃப்டன் ஊரைச் சேர்ந்த 16 வயதுப் பள்ளி மாணவி. அம்மா வழியில் கொலம்பியா, அப்பா வழியில் போலந்து. படித்த பள்ளியில் வருஷா வருஷம் போடும் இசை நாடகத்தில் கதாநாயகி வேஷம் அவளுக்குத்தான். பக்கத்து ஊர் மேடையில் அந்தக் கதையின் நாயகி மரியா பாத்திரத்தை ஏற்கெனவே செய்தும் இருந்தாள். ஆங்கிலத்தில் ஒரு பாட்டு, ஸ்பானிஷில் ஒரு பாட்டு பாடிப் பதிவு செய்து அனுப்பினாள். ஏறக்குறைய ஒரு வருஷம் சுற்றுச் சுற்றாகப் பார்த்துவிட்டு, 2019 ஜனவரியில் இவள்தான் மரியா என்று அறிவித்தீர்கள்.

அந்தத் தேர்வு எவ்வளவு பெரிய காரியம் என்பது 1961இல் வந்த மூலப் படத்தை நினைத்துப் பார்த்தால் புரியும். அதில் மரியாவாக நடித்த நாட்டலி வுட், ரஷ்யக் குடும்பத்துப் பெண். பாடல்களுக்கு அவர் வாயசைத்தார். பாடியது மார்னி நிக்சன். பின்னணிப் பாடகியின் பெயரை டைட்டிலிலேயே போடும் வழக்கத்தில் வளர்ந்த எனக்கு, நிக்சனின் பெயரைத் திரையில் போடாமலே விட்டார்கள் என்று முதலில் படித்தபோது நம்ப முடியவில்லை. அனிதாவாக வந்த ரீட்டா மொரேனோ நிஜமாகவே போர்ட்டோ ரிக்கோவில் பிறந்தவர். அவருக்கும் ஒரே பழுப்பு நிறச் சாயத்தைப் பூசித்தான் கேமரா முன்னால் நிறுத்தினார்கள். போர்ட்டோ ரிக்கோக்காரர்கள் எல்லோரும் ஒரே நிறம் என்று மேக்கப் அறையில் யாரோ முடிவு கட்டியிருந்தார்கள் போல. அந்த வேடத்துக்கு 1962இல் மொரேனோவுக்கு ஆஸ்கர் கிடைத்தது. 60 வருஷம் கழித்து அதே வேடத்துக்கு அரியானா டெபோஸுக்கும் கிடைத்தது. புதுப் படத்தில் மொரேனோவும் இருக்கிறார். அது அமெரிக்காவில் வெளியான மறுநாள் அவருக்கு 90 வயது நிறைந்தது.

இந்தப் படத்தில் மரியாவின் முகமும் குரலும் ஒரே ஆளுடையவை. பெருந்தொற்றால் ஒரு வருஷம் தள்ளிப்போய், 2021 டிசம்பரில்தான் படம் வந்தது. 2022 ஜனவரியில் இசை, நகைச்சுவைப் படங்களுக்கான பிரிவில் சிறந்த நடிகை என்று ஸெக்லருக்குக் கோல்டன் குளோப் விருது கொடுத்தார்கள். அந்தப் பிரிவில் அவ்வளவு சின்ன வயதில் அதை வாங்கியவர் அதற்கு முன் யாரும் இல்லை. அவருக்கு வயது 20. கெட்ட நேரம், அந்த வருஷ விழா தொலைக்காட்சியிலேயே வரவில்லை. பரிசளித்த சங்கத்தின் மேல் எழுந்த புகார்களால் ஒளிபரப்பைக் கைவிட்டிருந்தார்கள். முடிவுகள் சமூக ஊடகத்தில்தான் வந்தன. மேடையும் இல்லை, நன்றியுரையும் இல்லை.

அடுத்த இரண்டு மாதத்தில் நடந்ததை நீங்கள் மறந்திருக்கலாம். படத்துக்கு ஏழு ஆஸ்கர் பரிந்துரைகள், சிறந்த படம் உட்பட. 'ஆஸ்கருக்கு என்ன உடுத்தப் போகிறீர்கள்?' என்று இன்ஸ்டாகிராமில் ஒரு ரசிகர் கேட்கிறார். தன்னை அழைக்கவில்லை, வீட்டில் டிராக் பேன்ட்டோடுதான் இருப்பேன் என்று அவர் பதில் எழுதுகிறார். பரிந்துரை பெற்ற படங்களுக்கு அகாதமி இத்தனை இருக்கை என்று ஒதுக்கும். அதில் யார் உட்காருவது என்பதைப் பங்கிட்டுக் கொடுப்பது ஸ்டூடியோ. கதாநாயகிக்கு ஓர் இடம் எடுத்து வைக்கத் தோன்றவில்லை உங்களுக்கு. இணையம் கொதித்த பிறகுதான் விருது வழங்க வாருங்கள் என்று அழைப்பு போனது. லண்டனில் நடந்துகொண்டிருந்த படப்பிடிப்பிலிருந்து கிளம்பி வந்து கலந்துகொண்டார். கல்யாண வீட்டில் மணப்பெண்ணுக்கு இலை போட மறந்த கதைதான்.

லண்டனில் எடுத்துக்கொண்டிருந்தது 'ஸ்னோ ஒயிட்'. 2021 ஜூனில் அவர் பெயரை அறிவித்த நாளே வசவு ஆரம்பித்துவிட்டது. பனி போல் வெளுத்தவள் என்று கதையில் இருக்கிறதே, கொலம்பிய வம்சத்துப் பெண் எப்படி என்று கேட்டார்கள். இந்தக் கேள்வி வரும் என்று உங்களுக்குத் தெரியாதா? தெரிந்துதானே அவரை எடுத்தீர்கள்? லத்தீன் முகத்தைப் போஸ்டரில் போடுவதில் வருகிற பெயர் உங்களுக்கு. அதற்காக விழுகிற அடி மட்டும் அவருக்கு என்று ஆகிவிட்டது.

2022 செப்டம்பரில் டிஸ்னி விழா ஒன்றில் 1937இல் வந்த பழைய 'ஸ்னோ ஒயிட்' படத்தைப் பற்றி அவர் விளையாட்டாகப் பேசியது மறு வருஷம் ஆகஸ்டில் தோண்டி எடுக்கப்பட்டுப் பரவியது. அந்த இளவரசன் பெண்ணின் பின்னாலேயே சுற்றுகிறவன், இந்த முறை அப்படி இருக்காது என்பதுதான் சாரம். பேசிய தோரணையில் கொஞ்சம் அலட்சியம் இருந்தது உண்மைதான். பாட்டி காலத்து நகையை மட்டம் தட்டினால் வீட்டில் பெரியவர்களுக்குக் கோபம் வரத்தான் செய்யும். ஆனாலும் 21 வயதுப் பெண்ணை விளம்பர மேடையில் நிறுத்தி, பழைய படத்தைவிட இது எப்படிப் புதுசு என்று சொல்லவைத்தது உங்கள் விளம்பரத் துறைதான். அதே 2023இல் நடிகர் சங்க வேலைநிறுத்தத்தில், ஓர் இளவரசியின் கவுனில் 18 மணி நேரம் நிற்கிறேன் என்றால் அது இணையத்தில் ஓடுகிற ஒவ்வொரு மணி நேரத்துக்கும் எனக்குக் காசு வர வேண்டும் என்று பேசினார். அதில் எனக்கு ஒரு குறையும் தெரியவில்லை. உங்களுக்குத்தான் உறைத்திருக்கும்.

2024 ஆகஸ்டில் முன்னோட்டம் வந்த சில நாளில், அதற்குக் கிடைத்த வரவேற்புக்கு நன்றி சொன்ன கையோடு, பாலஸ்தீனத்துக்கு விடுதலை என்று ஒரு வரி எழுதினார். அந்த நவம்பரில் அமெரிக்கத் தேர்தல் முடிவைப் பற்றிக் காட்டமாக எழுதி, பிறகு மன்னிப்புக் கேட்டார். படத்தின் தயாரிப்பாளர் ஒருவர் விமானம் ஏறிப் போய் அவரிடம் பேசியதும் பத்திரிகையில் வந்தது. அதோடு நிற்கவில்லை. தயாரிப்பாளரின் மகனும் அதை இன்ஸ்டாகிராமில் எழுதி, பிறகு அழித்தார். பணியிடத்து விஷயத்தை உங்கள் வீட்டாரே தெருவில் கொட்டினார்கள். பெயர் சொல்லாத வட்டாரங்களை மேற்கோள் காட்டிப் பத்திரிகைகளும் எழுதின: படம் விழுந்ததற்குக் காரணம் அவர்தான் என்று.

இப்போது கணக்குக்கு வருகிறேன். 'ஸ்னோ ஒயிட்' செலவு 25 கோடி டாலருக்கு மேல் என்கிறார்கள். உலகம் முழுக்க வசூல் 20 கோடியைக் கொஞ்சம் தாண்டியது. பெரிய அடிதான். ஆனால் 2023 நவம்பரைப் பாருங்கள். அந்த ஆகஸ்டில்தான் பழைய பேட்டி பரவி, திட்டு உச்சத்தில் இருந்தது. வீட்டு வாசலுக்கே வந்து கத்தினார்கள் என்று பிற்பாடு அவரே சொன்னார். மூன்று மாதம் கழித்து அவர் கதாநாயகியாக நடித்த 'ஹங்கர் கேம்ஸ்' முன்கதை வந்தது. செலவு 10 கோடி டாலர், வசூல் 33 கோடிக்கு மேல். அதே பெண், அதே வாய், அதே எதிர்ப்பாளர்கள். ஒருவரின் பேச்சு படத்தைக் கவிழ்க்கும் என்றால் இது ஏன் கவிழவில்லை? அதில் கிராமத்துப் பாடகியாக வந்து, படப்பிடிப்பிலேயே நேரடியாகப் பாடினார். ஒலிப்பதிவுக் கூடத்தில் மெருகேற்றிய குரலுக்கும், கழுத்து நரம்பு புடைக்கப் பாடும்போது வருகிற குரலுக்கும் உள்ள வித்தியாசம் காதுக்கே தெரிகிறது. எனக்கு அவர் படங்களில் அதுதான் பிடித்தமானது.

'ஸ்னோ ஒயிட்' ஏன் விழுந்தது என்று என்னைக் கேட்டால், குள்ளர்களைச் சொல்வேன். கம்ப்யூட்டரில் செய்த அந்த ஏழு முகங்களைப் பார்த்தால் குழந்தைகளே பயப்படும். நிஜக் குள்ள நடிகர்களைப் போடலாமா கூடாதா என்று தடுமாறியது, பாதியில் திருத்தியது, ஒரு வருஷம் தள்ளிப்போட்டது எல்லாமே நிர்வாகத்தின் முடிவுகள். அந்தக் கூட்டங்களில் எதிலும் ஸெக்லருக்கு நாற்காலி இருந்திருக்காது.

வெளியீட்டை ஒட்டி நடந்தது அதைவிடக் கசப்பு. ஹாலிவுட் பிரீமியரில் நிருபர்கள் யாரும் கேள்வி கேட்க முடியாதபடி சிவப்புக் கம்பளத்தைச் சுருட்டினீர்கள். லண்டன் பிரீமியர் நடக்கவே இல்லை. ஸ்பெயினில் செகோவியா கோட்டைக்கு முன்னால் ஒரு நிகழ்ச்சி வைத்து அவரைப் பாடவைத்தீர்கள். பாடினார். பின்னால் கோட்டை, கையில் மைக், சுருதி பிசகவில்லை. தன்னைத் தூக்கி நிறுத்தாத படத்துக்காக அவர் தன் வேலையைக் குறைவில்லாமல் செய்தார் என்பதற்கு அந்தப் பதிவே சாட்சி.

மூன்று மாதம் கழித்து அவர் லண்டன் பல்லேடியம் அரங்கில், அர்ஜென்டினா அதிபரின் மனைவி ஏவா பெரோனைப் பற்றிய இசை நாடகத்தில் 'எவிட்டா'வாக ஏறினார். 2025 ஜூனிலிருந்து செப்டம்பர் முதல் வாரம் வரை. இயக்குநர் ஜேமி லாய்ட் ஒரு வேலை செய்தார்: நாடகத்தின் மிகப் புகழ்பெற்ற பாட்டை மேடையில் வைக்கவில்லை. வெள்ளை கவுன், பொன்னிற விக் சகிதம் ஸெக்லர் அரங்கத்தின் வெளிமாடத்துக்கு வந்து, கீழே ஆர்கைல் தெருவில் கூடிய ஜனங்களைப் பார்த்துப் பாடினார். உள்ளே டிக்கெட் வாங்கி உட்கார்ந்தவர்களுக்கு அது திரையில் தெரிந்தது. காசு கொடுத்தவனுக்குத் திரை, தெருவில் நிற்பவனுக்கு நேரில் தரிசனமா என்று சிலர் முணுமுணுத்தார்கள். நியாயமான முணுமுணுப்புதான். ஆனால் காணொளிகளைப் பாருங்கள்: இரவு ஒன்பது மணிக்கு மளிகைப் பையோடு நின்றுவிட்டவர்கள், அப்பா தோளில் உட்கார்ந்த குழந்தைகள், தூக்கிப் பிடித்த நூற்றுக்கணக்கான கைபேசிகள். ஏவா பெரோன் மாடத்திலிருந்து ஏழை ஜனங்களிடம் பேசியவர். அந்த ஜனங்களாக லண்டன் தெருவையே நடிக்கவைத்துவிட்டார்கள். இந்தப் பெண்ணைப் பார்க்க யாரும் வர மாட்டார்கள் என்று மார்ச்சில் சொன்னது யார்?

உங்களிடம் கருணை கேட்கவில்லை. 2020 கணக்கெடுப்பில் அமெரிக்காவில் லத்தீன் மக்கள் 6 கோடியே 20 லட்சம், ஐந்தில் ஒருவருக்குக் கொஞ்சம் குறைவு. தியேட்டருக்குப் போவதில் அவர்கள் பங்கு அதைவிடக் கூடுதல் என்று உங்கள் ஸ்டூடியோக்களின் சங்க அறிக்கைகளே வருஷக்கணக்காகச் சொல்லிவருகின்றன. ஆகவே இன்னொரு ஸெக்லரைத் தேடி இன்னோர் அழைப்பு விடத்தான் போகிறீர்கள். அப்போது எத்தனை வயது, என்ன வம்சம், பாட வருமா என்று நீங்கள் கேட்பதோடு, உங்கள் பக்கத்து வாக்குறுதிகளையும் அதே தாளில் எழுதுங்கள். தேர்வை அறிவிக்கும் நாளிலிருந்தே மிரட்டல்களைக் கவனிக்க ஓர் ஆள், வீட்டுக்குக் காவல், அதற்கான செலவு படத்தின் பட்ஜெட்டில். அவர் நிறத்தைப் பற்றிய கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியது 20 வயதுப் பெண் அல்ல, அவரைத் தேர்ந்தெடுத்த இயக்குநரும் ஸ்டூடியோ தலைவரும், தங்கள் பெயரில். படம் ஓடாவிட்டால் பெயரில்லாத வட்டாரம் எதுவும் நிருபர்களோடு பேசக் கூடாது. ஸ்ட்ரீமிங் பங்கு எவ்வளவு என்பதை முதல் நாளே எண்ணில் சொல்லிவிடுங்கள்.

அப்புறம், விருது விழாவுக்கு ஓர் இருக்கை. கேட்காமலே.

இப்படிக்கு,
டிக்கெட் வாங்கிப் படம் பார்க்கிற ஒருவன்