முதலில் லைட்டிங், பிறகு கேமரா

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

பலதுறைத் தொழிற்கல்லூரியில் படித்து முடித்ததும், தனித்து இயங்கும் ஒளிப்பதிவாளராக விரும்பும் நம் பிள்ளைகள் சிலர் சேமிப்பு முழுவதையும் ஒரு கேமராவில் போட்டுவிடுகிறார்கள். கேமரா நாள் வாடகைக்குக் கிடைக்கும். நம் முகங்களுக்கு லைட்டிங் செய்வதைத்தான் முதலில் கற்க வேண்டும்.

சிங்கப்பூரில் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டுச் சுவர் பெரும்பாலும் வெள்ளை. ஃபிரேமில் வெள்ளை அதிகம் இருந்தால், தானாக அளக்கும் கேமரா அதைச் சாம்பலாக்கப் பார்க்கும். முன்னால் நிற்கும் கறுத்த முகம் இருண்டுபோகும். பிறகு கணினியில் வெளிச்சத்தை ஏற்றினால் நிழலெல்லாம் புள்ளி புள்ளியாக நாய்ஸ். லைட் மீட்டரை முகத்தருகே பிடித்து, அங்கே விழும் ஒளியை அளந்தால் இந்தச் சிக்கல் வராது. இடம் இருந்தால் நடிகரைச் சுவரிலிருந்து இரண்டு மீட்டர் தள்ளி நிறுத்துங்கள். சுவரில் சிந்தும் ஒளியைக் கறுப்புத் துணியால் மறையுங்கள். கறுத்த தோலுக்கு விளக்கின் வாட்டைக் கூட்டுவதைவிட ஒளி வரும் பரப்பைப் பெரிதாக்குவதே பலன் தரும். பக்கவாட்டில் வைத்த ஒரு மீட்டர் தெர்மாகோல் பலகையில் பட்டுத் திரும்பும் ஒளி, கன்னத்திலும் நெற்றியிலும் மெல்லிய மினுக்கமாகப் படிந்து முக வடிவத்தை எடுத்துக் காட்டும். இதைச் செய்யாமல் ஒப்பனையில் முகத்தை வெளுப்பாக்கும் பழக்கம் இன்னும் இருப்பது மனதை வருத்துகிறது.

தாழ்வார விளக்குகள் இன்னொரு தொல்லை. இங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். விளக்கு நொடிக்கு 100 முறை துடிக்கும். நொடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில் 180 டிகிரி ஷட்டர், அதாவது ஒவ்வொரு ஃபிரேமும் 1/48 நொடி ஒளி வாங்கும்படி வைத்தால் படத்தில் பட்டை ஓடலாம். 172.8 டிகிரி, அதாவது 1/50 நொடி வைத்தால் பெரும்பாலும் அடங்கும். வெளிச்சத்தைக் குறைக்கும் டிம்மரில் ஓடும் சில எல்இடி விளக்குகள் அதற்கும் அடங்கா. அதனால்தான் படப்பிடிப்பு இடத்துக்கு முன்கூட்டியே போய்ச் சோதிக்க வேண்டும்.

குளிர்சாதன அறையிலிருந்து லென்ஸை நேரே வெளியே எடுத்தால் பனி படியும். மூடிய பையிலேயே அரைமணி நேரம் விடுங்கள். சூரியன் மறைந்தபின் அந்தி வெளிச்சம் சுமார் 20 நிமிடமே நிற்கும். ஒத்திகையை வெயிலிலேயே முடித்துவிடுங்கள்.

பணப் பேச்சு எழுத்தில் இருக்கட்டும்: நாள் ஊதியம் தனி, கருவி வாடகை தனி, கூடுதல் நேரத்துக்கு எவ்வளவு, எந்தத் தேதியில் பணம். பாக்கி நின்றால், 20,000 வெள்ளி வரை சிறு கோரல்கள் நடுவர் மன்றத்தில் இரண்டு ஆண்டுகளுக்குள் கேட்கலாம்; அங்கே அந்த எழுத்துதான் கைகொடுக்கும்.

தயாரிப்பாளர்களிடம் ஒரு வேண்டுகோள்: இடம் பார்க்கப் போகும் நாளையும் சம்பள நாளாகக் கணக்கிடுங்கள்.

இப்படிக்கு,
ஒளிப்பதிவுத் துறை வாசகர்கள்,
சிங்கப்பூர்