எங்கள் வண்டியை பி1-க்குத் திரும்ப விடுங்கள்: கொண்டோ நிர்வாகக் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

நம் கொண்டோ அடுக்குமாடிக் குடியிருப்பின் மதிப்பிற்குரிய நிர்வாகக் குழுத் தலைவர், செயலாளர், உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

மலாயில் ஒரு கடிதமும் ஆங்கிலத்தில் ஒரு கடிதமும் ஏற்கனவே கொடுத்துவிட்டேன். இரண்டையும் அலுவலகத்தில் வாங்கி, முத்திரை குத்தி, நகலைக் கையில் தந்தார்கள். அதோடு சரி. உங்களில் மூவர் தமிழர்கள். எங்கள் பிளாக்கிலும் பாதிப் பேர் தமிழர்கள்தான். அதனால் இந்த மூன்றாவது மடலை எல்லாரும் படிக்கட்டும் என்று தமிழில் எழுதுகிறேன்.

கேட்பது ஒன்றே ஒன்றுதான். மின்சார, ஹைபிரிட் வண்டிகள் பேஸ்மெண்டுக்குள் வரக் கூடாது, பின்பக்கத் திறந்தவெளியில்தான் நிறுத்த வேண்டும் என்று நவம்பர் 3-ஆம் தேதி மின்தூக்கிக்குள் ஒட்டிய சுற்றறிக்கையைத் திரும்பப் பெறுங்கள். பெட்ரோல் எஞ்சினும் மின்மோட்டாரும் சேர்ந்து ஓட்டும் எங்கள் ஹைபிரிட் வண்டியை, பேஸ்மெண்டின் பி1 தளத்தில் எங்களுக்குச் சொந்தமான லாட்டில், அதாவது நிறுத்துமிடத்தில், நிறுத்த விடுங்கள்.

நவம்பர் 14, வெள்ளிக்கிழமை நடந்தது உங்கள் காதுக்கும் வந்திருக்கும். வந்தது பாதியாக இருக்கலாம் என்பதால் மீதியை நான் சொல்கிறேன்.

என் அம்மாவுக்கு 71 வயது. திங்கள், புதன், வெள்ளி என வாரம் மூன்று நாள் டயாலிசிஸ். ஒவ்வொரு முறையும் நான்கு மணி நேரம். முடிந்து எழும்போது இரத்த அழுத்தம் இறங்கியிருக்கும், தலை சுற்றும், பேசவே தெம்பிருக்காது. ஊசி எடுத்த இடத்தில் பஞ்சை வைத்து இறுக்கி ஒட்டியிருப்பார்கள். அது நனையக் கூடாது. அன்று மாலை ஐந்தரைக்கு செந்தூல் முழுக்க மழை கொட்டிக்கொண்டிருந்தது. பேஸ்மெண்ட் இறக்கத்தில் காவலுக்கு நின்ற நேப்பாளத் தம்பி வண்டியை மறித்தார். அம்மாவை அவருக்கு நன்றாகத் தெரியும், "ஆமா" என்றுதான் கூப்பிடுவார். அவர் ஊர் மொழியில் அம்மா என்று பொருளாம். "மேலிடத்து உத்தரவு, அக்கா. இந்த வண்டியை உள்ளே விட்டால் எனக்கு வேலை போய்விடும்" என்று அரைகுறை மலாயில் சொன்னார். அவர் கண்ணைப் பார்த்தபின் எனக்கு வாக்குவாதம் செய்ய மனம் வரவில்லை.

பின்பக்கத் திறந்தவெளிக்குப் போனேன். எங்கள் வண்டி உயரமானது. அம்மா ஏற, இறங்க ஒரு சிறிய பிளாஸ்டிக் முக்காலி வைத்திருக்கிறோம். பி1-இல் காய்ந்த சிமெண்டுத் தரையில் அது அசையாமல் நிற்கும், மழைத்தண்ணீரில் வழுக்கியது. ஒரு கையால் முக்காலியை அழுத்திக்கொண்டு, மறு கையால் அம்மாவின் இடுப்பைப் பிடித்து இறக்கினேன். குடை பிடிக்க மூன்றாவது கை யாருக்கும் இல்லை. ரொட்டி வாங்கிய பிளாஸ்டிக் பை ஒன்று இருக்கைப் பையில் கிடந்தது. அம்மா அதைத் தானே எடுத்து, ஊசி போட்ட கையை முழங்கை வரை உள்ளே விட்டு, பையின் வாயைப் பல்லால் கடித்துக்கொண்டார். அப்படியே சக்கர நாற்காலியில் உட்கார்ந்து, குப்பை அறையைச் சுற்றி, சரிவில் ஏறி மின்தூக்கி வரை வந்தோம். மறுநாள் அந்தத் தூரத்தை நடந்து எண்ணிப் பார்த்தேன். 118 அடி வருகிறது. பி1-இல் எங்கள் லாட்டிலிருந்து மின்தூக்கிக் கதவு 9 அடி.

அந்த 9 அடிக்காகத்தான் இந்த வீட்டையே வாங்கினோம். அந்த லாட் எங்கள் ஸ்ட்ராட்டா கிராண்டில் (அடுக்குமாடி வீட்டின் உரிமைப் பத்திரத்தில்) வீட்டோடு சேர்ந்த துணைப் பகுதியாகப் பதிவாகியிருக்கிறது. நீங்கள் மாத வாடகைக்குக் கொடுத்த இடம் அல்ல அது.

இனி வண்டியைப் பற்றிச் சொல்கிறேன். சுற்றறிக்கையை எழுதியவருக்கு அது என்ன வண்டி என்று தெரிந்திருந்தால் அந்த வரியை எழுதியிருக்க மாட்டார் என்று நம்புகிறேன்.

எங்கள் வீட்டில் மூன்று தலைமுறை. அம்மா, நாங்கள் இருவர், மூன்று பிள்ளைகள். எம்பிவி எனும் பழைய பெரிய குடும்ப வண்டி 16 ஆண்டு உழைத்து ஓய்ந்த பிறகு, சக்கர நாற்காலியையும் ஏற்றிக்கொண்டு ஆறு பேர் போகக்கூடிய வண்டி தேடினோம். மின்கார் வாங்கத்தான் முதலில் ஆசை. இரண்டு ஆண்டுகளுக்கு முன் நடந்த ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் பேஸ்மெண்டில் மின்னேற்றும் வசதி வேண்டாம் என்று நீங்கள் முடிவு எடுத்தது நினைவிருக்கும். நானும் அங்கே இருந்தேன், எதிர்த்துப் பேசவில்லை. அந்த முடிவை மதித்துத்தான் பிளக்கே இல்லாத வண்டியாகப் பார்த்து எடுத்தோம்.

ஆமாம், எங்கள் வண்டியில் மின்னேற்றும் துளையே கிடையாது. வேண்டுமானால் யாராவது வந்து தேடிப் பாருங்கள். மற்ற வண்டிகளைப் போல எண்ணெய் நிலையத்தில் பெட்ரோல் ஊற்றித்தான் ஓட்டுகிறோம். பிரேக் பிடிக்கும்போது வீணாகும் வேகத்தை மோட்டார் மின்சாரமாக மாற்றிச் சிறிய பேட்டரியில் சேர்த்து வைக்கும். எஞ்சினும் ஓடுகிற ஓட்டத்தில் கொஞ்சம் சேர்க்கும். வண்டி நகரத் தொடங்கும்போதும் ஊர்ந்து போகும்போதும் அந்த மின்சாரம் கைகொடுக்கும். பேட்டரியின் கொள்ளளவு ஏறக்குறைய ஒன்றரை யூனிட். வீட்டு ஏர்கோன் சிறியது ஒன்றை இரண்டு மணி நேரம் ஓட்டினால் தீர்ந்துவிடும் அளவு. முழு மின்காரில் இருப்பது 60 யூனிட், அதற்கு மேலும் உண்டு. இந்த இரண்டையும் ஒரே வரியில் "மின்சார மற்றும் ஹைபிரிட் வாகனங்கள்" என்று சேர்த்துக் கட்டியதில்தான் என் அம்மா நனைந்தார்.

இந்த வண்டி எங்கள் வீட்டுக்கு என்ன செய்தது என்பதையும் சொல்லத்தான் வேண்டும். ஜாலான் ஈப்போ நெரிசலில் பழைய வண்டி 100 கிலோமீட்டருக்கு 12 லிட்டர் குடித்தது. இது 7 லிட்டருக்குள் நிற்கிறது. நெடுஞ்சாலையை விட நெரிசலில்தான் சிக்கனம் தெரிகிறது, ஏனென்றால் நின்று நின்று போகும்போது எஞ்சின் பெரும்பாலும் அணைந்தே கிடக்கும். 2025 செப்டம்பர் கடைசியில் அரசாங்கத்தின் பெட்ரோல் மானியத் திட்டமான புடி95 வந்து, லிட்டர் 1.99 வெள்ளி (ரிங்கிட்) ஆனதும் எங்களுக்கு இன்னும் கொஞ்சம் மூச்சு விட முடிந்தது. அந்தக் காசு அம்மாவின் மருந்துக்குப் போகிறது. அதையெல்லாம் விடப் பெரிது வண்டியின் அமைதி. டயாலிசிஸ் முடிந்த உடம்புக்கு எஞ்சின் உதறல் ஆகாது. முதல் நாள் ஏறி உட்கார்ந்தபோது அம்மா, "என்னம்மா, வண்டி ஓடுதா நிக்குதா?" என்று கேட்டார். அன்றிலிருந்து திரும்பும் வழியெல்லாம் தூங்கிக்கொண்டே வருகிறார்.

இந்த வண்டி பெரியதுதான், சிரமமும் உண்டு. நீளம் 4.8 மீட்டர், அகலம் 1.9 மீட்டர். பழைய பேரங்காடிகளில் தூணுக்கும் பக்கத்து வண்டிக்கும் நடுவே நுழைத்தால் கதவு திறக்க வழியிருக்காது. சக்கர நாற்காலி வைக்க மூன்றாம் வரிசை இருக்கை ஒன்றை மடக்கியே தீர வேண்டும், ஏழு பேர் வண்டி ஆறு பேர் வண்டியாகிவிடும். பின்னிருக்கைக்குக் கீழே பேட்டரிக்குக் காற்றுப் போகும் துவாரம் ஒன்று இருக்கிறது. பிள்ளைகள் சிந்தும் முறுக்குத் தூள் அதை அடைக்காமல் நான் வாராவாரம் துடைக்கிறேன். இந்தச் சிரமமெல்லாம் நாங்களாக ஏற்றுக்கொண்டது. உங்களைக் குறை சொல்ல ஒன்றுமில்லை.

திறந்தவெளியில் நிறுத்தச் சொன்னது அப்படி அல்ல. தீ விபத்துப் பயத்தில் எங்களை வெயிலுக்கு அனுப்பியிருக்கிறீர்கள். நம் ஊர் வெயிலில் நிற்கும் வண்டியின் உள்ளே சூடு 50 பாகையைத் தாண்டும். இந்தப் பேட்டரிக்கு ஆகாததே சூடுதான். அதன் ஆயுளைத் தின்னும். அது மூச்சு வாங்குவதும் அதே உள்காற்றைத்தான். பட்டறைப் போர்மன் எங்களுக்குச் சொன்ன முதல் அறிவுரையே "நிழலில் நிறுத்துங்கள்" என்பதுதான். அப்புறம், திறந்தவெளி லாட்டை ஒட்டிப் பெரிய கால்வாய் ஓடுவது உங்களுக்குத் தெரியாததல்ல. கனமழைக்கு அங்கே கணுக்கால் வரை தண்ணீர் நிற்கிறது. இந்த வண்டியின் அடியில் ஆரஞ்சு நிற உறை போட்ட உயர் மின்னழுத்தக் கம்பிகள் ஓடுகின்றன. வெள்ளம் ஏறிய வண்டியைச் சாவி போட்டுப் பார்க்கவே கூடாது, இழுத்துக்கொண்டு போக வேண்டும். மரங்கள் வேறு. 2024 மே 7-ஆம் தேதி ஜாலான் சுல்தான் இஸ்மாயிலில் மரம் சாய்ந்து 17 வண்டிகள் நசுங்கி ஓர் உயிர் போனதை இந்த ஊரில் யாரும் மறந்திருக்க முடியாது. நம் திறந்தவெளியில் நிற்கும் மரங்களை யாராவது சோதித்தார்களா? பாதுகாப்பு என்று சொல்லி எங்களை அனுப்பிய இடத்தில் எங்களுக்கு என்ன பாதுகாப்பு?

உங்கள் பயம் வெறும் பயம் என்று நான் சொல்லவில்லை. லித்தியம் பேட்டரி பற்றிக்கொண்டால் அணைப்பது கடினம், அணைந்ததுபோல் இருந்து மறுபடி எரியும். மூடிய தளத்தில் எந்த வண்டி எரிந்தாலும் ஆபத்துதான். ஆனால் வாட்ஸ்அப்பில் வந்த காணொளி ஒன்றைப் பார்த்துவிட்டு, அது எந்த ஊர், எந்த வண்டி, ஏன் எரிந்தது என்று கேட்காமல் மூன்றே நாளில் சுற்றறிக்கை ஒட்டுவது பாதுகாப்பு நடவடிக்கையா? ஹைபிரிட் வண்டி இன்று நேற்று வந்ததல்ல. 1997-இல் ஜப்பானில் ப்ரியஸ் விற்பனைக்கு வந்தது. 2011 முதல் 2013 வரை நம் அரசாங்கமே வரிவிலக்குக் கொடுத்து ஹைபிரிட் வாங்கச் சொன்னது. அப்போது வாங்கிய வண்டிகள் சில இன்றும் நம் பி2-இல் நிற்கின்றன. பத்து ஆண்டுக்கு மேலாக யாருக்கும் தொந்தரவில்லை. அவர்களையும் வெளியே துரத்துங்கள் என்று சொல்ல வரவில்லை. அவர்கள் அங்கேயே இருக்கட்டும். எங்கள் வண்டி பெரியது, புதியது, பின்னால் எழுத்து பளிச்சென்று தெரிகிறது என்பதற்காக நாங்கள் மட்டும் ஏன் மழையில் நிற்க வேண்டும்?

இதே அக்கறையை மற்றவற்றில் ஏன் காணோம்? எங்கள் பிளாக்கில் இரண்டு மின்தூக்கிகளில் ஒன்று ஐந்து வாரமாக ஓடவில்லை. பி1-இல் இரண்டு தீயணைப்பான்களின் தேதி முடிந்து போயிற்று, நானே படம் எடுத்து அனுப்பினேன். ஓராண்டாக அசையாமல் கிடக்கும் ஒரு வண்டியின் அடியில் எண்ணெய் ஒழுகிக் கறையாகிக் கிடக்கிறது. அதன்மீது எந்த நோட்டீசும் இல்லை. பராமரிப்புக் கட்டணத்தை ஒரு மாதம் தாமதித்தால் மட்டும் எங்கள் பெயர் பலகையில் ஏறிவிடுகிறது.

மன்னிக்கவும், பேச்சு வேறு பக்கம் போய்விட்டது. அவற்றைப் பொதுக்கூட்டத்தில் பேசிக்கொள்ளலாம். இப்போது கேட்பது எங்கள் லாட்டைத்தான்.

சட்டம் என்ன சொல்கிறது என்பது குழுவில் இருக்கும் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். 2013-ஆம் ஆண்டு ஸ்ட்ராட்டா நிர்வாகச் சட்டப்படி புதிதாக ஒரு துணைவிதி கொண்டுவர வேண்டுமானால் பொதுக்கூட்டம் கூட்டி, 21 நாள் முன்னறிவிப்புக் கொடுத்து, பதிவாகும் வாக்குகளில் நான்கில் மூன்று பங்கு ஆதரவோடு சிறப்புத் தீர்மானம் நிறைவேற்ற வேண்டும். இந்தத் தடைக்குக் கூட்டமும் இல்லை, வாக்கெடுப்பும் இல்லை. அலுவலக அச்சுப்பொறியில் எடுத்த ஒரு தாள், அதன் கீழே "மீறினால் சக்கரப் பூட்டு, 200 வெள்ளி" என்ற வரி, கையெழுத்துப் போட்டவர் பெயர்கூட இல்லை. ஸ்ட்ராட்டா தீர்ப்பாயத்துக்குப் போகலாம் என்று இரண்டு பேர் சொன்னார்கள். போக எனக்கு விருப்பமில்லை. தினமும் ஒரே மின்தூக்கியில் ஏறி இறங்குகிற நாம் நாற்காலி போட்டுப் பேசித் தீர்க்க முடியாதா?

உங்களுக்கு நம்பிக்கை வர என்ன வேண்டுமோ கேளுங்கள், செய்கிறேன். செந்தூல் பொம்பா (தீயணைப்பு) நிலையத்திலிருந்து அதிகாரி ஒருவரை அழைத்து வண்டியையும் தளத்தையும் காட்டலாம், கூட இருக்க நான் விடுப்பு எடுக்கிறேன். ஒவ்வொரு சர்வீசுக்கும் பேட்டரிச் சோதனைத் தாளின் நகலை அலுவலகத்தில் கொடுக்கிறேன். எங்கள் லாட்டுக்குப் பக்கத்தில் புதிய தீயணைப்பான் வைக்க என் பங்கைக் கட்டுகிறேன். உண்மையிலேயே தடை வேண்டும் என்று பெரும்பான்மை நினைத்தால், முறைப்படி கூட்டத்தில் கொண்டுவாருங்கள், நானும் வந்து பேசுகிறேன். அதுவரைக்கும் சுற்றறிக்கையை நிறுத்தி வையுங்கள்.

அன்று வீட்டுக்கு வந்ததும் அம்மாவின் தலையைத் துவட்டினேன். பிளாஸ்டிக் பைக்குள் பஞ்சு நனையவில்லை, அதுவரை புண்ணியம். "அந்தத் தம்பியைத் திட்டாதே, அவன் என்ன பண்ணுவான்" என்றார். அப்புறம் கொஞ்ச நேரம் கழித்து, "எனக்காகப் பெரிய வண்டி வாங்கி, உங்களுக்குத்தானே கஷ்டம்" என்றார். அந்த வார்த்தை என் அம்மா வாயிலிருந்து வந்திருக்கக் கூடாது. இந்த மடலை எழுத வைத்தது அதுதான்.

வரும் திங்கட்கிழமையும் டயாலிசிஸ் உண்டு. மாலை ஐந்தரை மணிவாக்கில் பேஸ்மெண்ட் வாயிலுக்கு வந்துவிடுவோம். அதற்குள் உங்கள் பதில் கிடைத்தால் நன்றி. பதில் எழுத நேரமில்லை என்றாலும் பரவாயில்லை, தயவுசெய்து அந்தத் தம்பியிடம் தடையைத் தூக்கச் சொல்லுங்கள்.

பணிவுடன்,
பி பிளாக், 11-ஆம் மாடிக் குடியிருப்பாளர்
செந்தூல், கோலாலம்பூர்