கோல்ஹாசேயிடம் என்ன கற்கலாம்

அன்புள்ள கண்ணம்மா,

பாபெல்ஸ்பெர்கில் திரைக்கதை வகுப்பு தொடங்கிவிட்டதாக எழுதியிருந்தாய். மேற்கு ஜெர்மன் இயக்குநர்கள் ஃபாஸ்பிண்டரும் ஹெர்சாக்கும் வகுப்பில் தானாகவே வந்துவிடுவார்கள். வொல்ஃப்காங் கோல்ஹாசேயை (1931–2022) நீதான் தேடிப் போய்ப் பார்க்க வேண்டும். கிழக்கு ஜெர்மனியின் அரசுப் பட நிறுவனமான டெஃபாவுக்குத் திரைக்கதை எழுதியவர். அந்த ஸ்டுடியோ இருந்ததும் உன் ஊரில்தான்.

‘பெர்லின் – எக்கே ஷோன்ஹவுசர்’ படத்தில் (1957, இயக்கம் கெர்ஹார்ட் க்ளைன்) தொடங்கு. முதல் தடவை சப்டைட்டிலோடு பார், மறு தடவை ஒலியை அணைத்துவிட்டுப் பார். தெருவிளக்கைக் கல்லால் அடித்து உடைத்தால் ஒரு மேற்கு மார்க் என்று பையன்களுக்குள் பந்தயம். இரண்டாகிவிட்ட நகரம், வேலையற்ற மாலை, யார் கையில் காசு இருக்கிறது என்பதெல்லாம் அந்த ஒரு நாணயத்திலேயே தெரிந்துவிடும். பிறகு அதே கூட்டத்துப் பையன் கோலே, மேற்கு பெர்லின் அகதி முகாமிலிருந்து விமானத்தில் தன்னை அனுப்பிவிடக் கூடாதென்று காய்ச்சலை வரவழைக்கப் பார்க்கிறான். காப்பியில் புகையிலையைக் கலந்து குடிக்கிறான், செத்துப்போகிறான். காரணம், செயல், விளைவு மூன்றும் ஒரு கோப்பைக்குள் அடங்கிவிடுகின்றன. படம் தளர்வது போலீஸ் அதிகாரி பாடம் சொல்லும் இடங்களில். அங்கே பேசுவது கதாபாத்திரம் இல்லை, அரசு. உன் எழுத்தில் அப்படி ஒரு வசனம் வந்தால் தயங்காமல் வெட்டு.

இதே இருவரின் ‘பெர்லின் உம் டி எக்கே’ 1965 டிசம்பரில் நடந்த கிழக்கு ஜெர்மன் ஆளுங்கட்சிக் கூட்டத்துக்குப் பின் பாதியிலேயே நிறுத்தப்பட்டது. திரைக்கு வரக் கால் நூற்றாண்டு ஆனது. க்ளைன் 1970-லேயே இறந்துவிட்டார்.

அடுத்தது ‘இஷ் வார் நொயின்ஸேன்’ (1968). சோவியத் செஞ்சேனையில் இருந்த இயக்குநர் கொன்ராட் வொல்ஃபின் போர்க்கால நாட்குறிப்பிலிருந்து அவரும் கோல்ஹாசேயும் எழுதியது. நாட்குறிப்பைப் படமாக்குகிறவர்கள் வழக்கமாகச் சம்பவங்களை வலிந்து ஒரே கதையாகக் கோர்ப்பார்கள், உயிர் போய்விடும். இவர்கள் 1945 ஏப்ரல், மே நாட்களைத் தனித்தனி நிறுத்தங்களாகவே விட்டார்கள். நாயகனான பையன் ஒலிபெருக்கி வண்டியோடு நகர்கிறான், ஒவ்வோர் ஊரிலும் வேறு வேறு ஜெர்மானியர்கள். பயணம்தான் கட்டுக்கோப்பு.

வொல்ஃபுடன் சேர்ந்து கோல்ஹாசே தானே இயக்கிய ‘சோலோ சன்னி’யை (1980) நிதானமாகப் பார். நாயகியாக நடித்த ரெனாட்டே க்ரோஸ்னருக்கு பெர்லின் விழாவில் வெள்ளிக் கரடி விருது கிடைத்தது. இரவு தங்கியவனிடம் பாடகி சன்னி காலையில் சொல்வது: காலைச் சாப்பாடு கிடையாது. அவன் முனகியதும்: விவாதமும் கிடையாது. அவ்வளவுதான். இதைப் பார்த்துவிட்டு மாணவர்கள் நறுக்கென்ற வசனமாக எழுதித் தள்ளுவார்கள், எடுபடாது. வீடு அவளுடையது, அவன் கிளம்பியாக வேண்டும் என்ற நிலைமை முதலில் இருப்பதால்தான் அந்த வரி நிற்கிறது. அதனால் வசனத்துக்கு முன் ஒரு தாளில் நான்கு விஷயம் குறித்துக்கொள்: என்ன வேலை, எவ்வளவு சம்பளம், யாருடைய அறை, யார் முதலில் எழுந்து போக வேண்டும். நான்கில் ஒன்று தெரியாவிட்டாலும் காட்சியைத் தொடாதே.

கடைசியாக ‘சோமர் ஃபோர்ம் பால்கன்’ (2005, இயக்கம் ஆண்ட்ரியாஸ் ட்ரேசன்). எழுபதைத் தாண்டி எழுதியது, சான் செபஸ்டியானில் திரைக்கதைப் பரிசு பெற்றது. முதியவர்களை வீடு வீடாகப் போய்க் கவனிக்கும் நிக்கேயின் வேலைக் காட்சிகளை மட்டும் தனியே எடுத்து, மேலே சொன்ன நான்கையும் ஒவ்வொன்றுக்கும் எழுதி எனக்கு அனுப்பு.

அன்புடன்,
அப்பா