பெயரில்லாத டப்பாக்களைத் திறந்து பாருங்கள்

பழைய படச்சுருள்களைக் காத்துவரும் ஐரோப்பிய, லத்தீன் அமெரிக்கத் திரைப்பட ஆவணக் காப்பகங்களின் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம். எவலின் பிரீர் என்ற நடிகைக்காக இந்த மடலை எழுதுகிறேன். பேசாப் படக் காலத்தில் அமெரிக்கக் கறுப்பின மக்களின் திரையரங்குகளில் அவர் பெரும் நட்சத்திரம். கறுப்பின இயக்குநர் ஆஸ்கர் மிஷோவின் படங்களில் அடுத்தடுத்து நடித்தவர். அந்தப் பேசாப் படங்களில் இன்று நமக்குப் பார்க்கக் கிடைப்பது ஒன்றே ஒன்று. அதுவும் உங்களில் ஒருவருடைய அலமாரியிலிருந்து வந்ததுதான்.

1920இல் வெளிவந்த 'விதின் அவர் கேட்ஸ்' அந்தப் படம். தொலைந்தே போயிற்று என்று பல பத்தாண்டுகள் எல்லோரும் நம்பியிருந்தார்கள். ஆனால் 'லா நெக்ரா' என்ற ஸ்பானியத் தலைப்புடன் ஒரு பிரதி மாட்ரிட் காப்பகத்தில் பத்திரமாக இருந்தது. அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் 1993இல் அதைச் சீரமைத்தது. காட்சிகளுக்கு இடையே வசனத்தை எழுத்தில் காட்டும் ஆங்கில அட்டைகள் அநேகமாக எல்லாமே போய்விட்டதால், ஸ்பானிய அட்டைகளைத் திரும்பவும் ஆங்கிலமாக்க வேண்டியிருந்தது. மிஷோவின் இன்னொரு படமான 'தி சிம்பல் ஆஃப் தி அன்கான்கர்ட்' பெல்ஜியத்தில் கிடைத்தது. சொந்த நாடு கைவிட்ட படங்களை நீங்கள் காப்பாற்றியிருக்கிறீர்கள். அந்த நன்றியோடுதான் மேலும் கேட்கிறேன்.

சீரமைத்த படத்தைப் பார்த்தவர்களுக்கு பிரீரின் திறமையைப் பற்றி நான் விளக்க வேண்டியதில்லை. அமெரிக்காவின் தெற்கு மாநிலம் ஒன்றில் கறுப்பினக் குழந்தைகள் படிக்கும் ஓர் ஏழைப் பள்ளிக்குப் பணம் திரட்ட பாஸ்டன் செல்லும் ஆசிரியை சில்வியாவாக அவர் வருகிறார். மிஸிஸிப்பியில் 1896இல் பிறந்து சிகாகோவில் வளர்ந்த பிரீர், தாயாரின் சபைக்காகத் தெருவில் நின்று பிரசங்கம் செய்து நிதி திரட்டியவர். சில்வியா உதவி கேட்கும் காட்சிகளில் குழைவும் இல்லை, கெஞ்சலும் இல்லை. அந்த நிமிர்வு அவருக்கு நடிப்புக்கு முன்பே வாய்த்தது என்றே நினைக்கிறேன்.

படத்தின் கடைசிப் பகுதியில் சில்வியாவை வளர்த்த பெற்றோரை வெள்ளையர் கும்பல் தூக்கிலிடுகிறது. அதே வேளையில் ஒரு வெள்ளையன் சில்வியாவைத் தாக்குகிறான். இரண்டையும் மாறி மாறிக் காட்டுகிறார் மிஷோ. பிரீர் விடாமல் போராடுகிறார். அக்காலப் படங்களில் நாம் காணும் மிகைப்பட்ட கையசைவுகளை இங்கே தேடினால் ஏமாற்றம்தான். சிகாகோ இனக் கலவரத்தில் 38 பேர் இறந்து ஓராண்டுகூட ஆகாத நேரத்தில், அதே நகரத்தில் இந்தப் படம் திரைக்கு வந்தது. மீண்டும் கலவரம் மூளும் என்று அஞ்சி அதைத் தடுக்கப் பார்த்தார்கள், தணிக்கையாளர்கள் வெட்டினார்கள், தெற்கில் பல இடங்களில் திரையிடவே மறுத்தார்கள். அப்படிப்பட்ட படத்தின் முகமாக நிற்பதற்கு ஓர் இளம் நடிகைக்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும்!

அவரைப் படங்களை மட்டும் வைத்து அளப்பதும் சரியில்லை. லாஃபாயெட் பிளேயர்ஸ் என்ற கறுப்பின நாடகக் குழுவின் முதன்மை நடிகை அவர். 1926இல் நியூயார்க்கின் புகழ்பெற்ற நாடக அரங்குகள் உள்ள பிராட்வேயில் 'லுலு பெல்' நாடகத்தில் மேடையேறினார். ஜாஸ் இசைக் கலைஞர் டியூக் எலிங்டனின் குழுவோடு பாடி இசைத்தட்டும் வெளியிட்டார். 1932 ஏப்ரலில் மகள் பிறந்தாள். அதே ஆண்டு நவம்பரில் நிமோனியா காய்ச்சலில் இறந்துபோனார். வயது 36தான்.

மேடை நடிப்பு அன்றைய பார்வையாளர்களோடு முடிந்துவிட்டது. அதை யாராலும் மீட்க முடியாது. படங்களின் நிலை அப்படி இல்லை. 1919இல் வெளியான 'தி ஹோம்ஸ்டெடர்', 1920இன் 'தி புரூட்', 1924இன் 'பர்த்ரைட்' எல்லாம் காணாமல் போனவை என்ற பட்டியலில் இருக்கின்றன. 'விதின் அவர் கேட்ஸ்' படமும் அதே பட்டியலில்தான் இருந்தது.

அமெரிக்கா 1912 முதல் 1929 வரை வெளியிட்ட பேசா முழுநீளப் படங்கள் ஏறத்தாழ 11,000. அவற்றில் மூல வடிவிலேயே முழுமையாக எஞ்சியவை 14 சதவீதம் மட்டுமே என்று நாடாளுமன்ற நூலகம் 2013இல் வெளியிட்ட ஆய்வு சொல்கிறது. வெளிநாட்டுப் பதிப்பாகவோ தரம் குறைந்த பிரதியாகவோ மட்டும் முழுமையாகக் கிடைப்பவை மேலும் 11 சதவீதம். ஆகவே வேறு மொழி அட்டைகளோடும் வேறு தலைப்போடும் கிடக்கும் சுருள்களை இரண்டாந்தரமாக ஒதுக்காதீர்கள். அக்காலப் படச்சுருள்கள் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் பிலிமில் ஆனவை; அது காத்திருக்காது. அது நாளுக்கு நாள் சிதைகிறது, தீப்பிடித்தால் அணைக்கவும் முடியாது.

உங்களிடம் ஆளும் பணமும் குறைவு என்பது தெரிந்ததே. முழுச் சீரமைப்பை இப்போது கேட்கவில்லை. இனங்காணப்படாத சுருள் ஒவ்வொன்றிலிருந்தும் சில சட்டகங்களைப் படமெடுத்து இணையத்தில் வெளியிடுங்கள். வர்ஜீனியாவின் கல்பெப்பரில் நாடாளுமன்ற நூலகம் 2012 முதல் நடத்திவந்த அடையாளம் காணும் பயிலரங்குகளில், ஆர்வலர்கள் ஒன்றாக அமர்ந்து பார்த்தே பல படங்களுக்குப் பெயர் கண்டுபிடித்தார்கள். கறுப்பினத் திரைப்பட வரலாற்றை ஆய்ந்தவர்களையும் அப்படி அழையுங்கள். பிரீரின் முகத்தைப் பார்த்ததும் சொல்லக்கூடியவர்கள் அவர்கள்.

இன்னொரு வேண்டுகோள். அட்டவணைகளில் இயக்குநர் பெயரோடு நிறுத்திவிடாமல் நடிகர், நடிகையர் பெயர்களையும் சேருங்கள். 'எவலின் பிரீர்' என்று தேடுகிற ஒரு மாணவிக்கு உங்கள் காப்பகத்தின் கதவு திறக்க வேண்டும்.

அன்புடனும் எதிர்பார்ப்புடனும்,
பேசாப் படங்களை நேசிக்கும் ஒரு தமிழ் ரசிகை