வாசலில் ஒரு நாற்காலி வேண்டும்

ஆசிரியருக்கு வணக்கம்.

நான் ராணுவத்தில் 17 ஆண்டு இருந்து ஹவில்தாராக ஓய்வு பெற்றவன். 15 ஆண்டு முடித்தால் சிப்பாய்க்குப் பென்ஷன் உண்டு. அதனால் எங்களில் பலர் நாற்பது வயதுக்கு முன்பே ஊர் திரும்பிவிடுகிறோம். பிள்ளைகள் படிக்கிற நேரம், பென்ஷன் போதாது. அப்புறம் கிடைப்பது செக்யூரிட்டி வேலைதான்.

இப்போது ஒரு தனியார் மருத்துவமனை வாசலில் மாலை 7 முதல் காலை 7 வரை நிற்கிறேன். வாரம் 48 மணி நேரத்தைத் தாண்டினால் இரட்டைச் சம்பளம் தர வேண்டும். ஏஜென்சியோ 12 மணி நேரத்தையும் ஒரே ஷிப்டாக எழுதிக்கொள்கிறது. மாற்று ஆள் வராத நாளில் மதியம் வரை நிற்க வேண்டியதுதான். பி.எஃப்.பில் நிறுவனம் கட்ட வேண்டிய 12 சதவீதமும் எங்கள் சம்பளத்திலேயே பிடிக்கப்படுகிறது. கேட்டால், “எல்லா இடத்திலும் இப்படித்தான்” என்கிறார் சூப்பர்வைசர்.

கடை ஊழியர்களுக்கு இருக்கை கட்டாயம் என்று 2021இல் தமிழக அரசு சட்டம் திருத்தியது. எனக்கு நாற்காலி கிடையாது. எதிர் டீக்கடைக்காரர் இரவு கடை மூடும்போது ஒரு பிளாஸ்டிக் ஸ்டூலை வெளியே வைத்துவிட்டுப் போகிறார். முழங்கால் வலிக்கும்போது அதில்தான் உட்காருகிறேன்.

தனியார் பாதுகாப்பு முகமைகள் சட்டம் (2005), முன்னாள் படைவீரர்களுக்கு முன்னுரிமை ‘தரலாம்’ என்கிறது. சரி, வேலை கிடைத்த பிறகு? தொழிலாளர் துறை அதிகாரிகள் ஒருமுறையாவது இரவு 2 மணிக்கு வந்து, வருகைப் பதிவேட்டையும் சம்பளச் சீட்டையும் சேர்த்து வைத்துப் பார்க்கட்டும்.

- முன்னாள் ஹவில்தார், வேலூர் மாவட்டம்