சொலானாஸின் இசையையும் எழுத வேண்டும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

அர்ஜென்டினாவின் திரைப்பட இயக்குநர் பெர்னாண்டோ சொலானாஸைப் பற்றித் தமிழில் நான் வாசித்த கட்டுரைகளில் பெரும்பாலானவை, 1969இல் அவரும் சக இயக்குநர் ஒக்தாவியோ ஹெத்தினோவும் வெளியிட்ட, ஹாலிவுட் வணிகப் படங்களுக்கும் ஐரோப்பியக் கலைப்படங்களுக்கும் மாற்றாக அரசியல் போராட்டத்துக்கான சினிமாவைக் கோரிய 'மூன்றாம் சினிமா' அறிக்கையோடு நின்றுவிடுகின்றன. அவர் இசை பயின்றவர், தம் படத்துக்குத் தாமே இசையமைத்தவர் என்பது ஒரு வரியாகக்கூட வருவதில்லை. அதை விட்டுவிட்டால் அவரது அரசியலும் பாதிதான் பிடிபடும் என்று கருதுவதால் இதை எழுதுகிறேன்.

அர்ஜென்டினாவில் தளபதி ஓங்கானியாவின் ராணுவ ஆட்சியில், விளம்பரப் படங்களில் ஈட்டிய பணத்தைக் கொண்டு அவர் மறைவாக எடுத்த 'உலைகளின் நேரம்' என்ற ஆவணப்படம் நான்கு மணி நேரத்துக்கும் மேல் ஓடுவது. 1968இல் இத்தாலியின் பெசாரோ திரைப்பட விழாவில் முதலில் காட்டப்பட்ட அந்தப் படத்தை, சொந்த நாட்டில் வீடுகளிலும் தொழிற்சங்க அறைகளிலும் ரகசியமாகத் திரையிட்டு, இடையில் புரொஜெக்டரை நிறுத்தி விவாதித்தார்கள். அதன் இசை ரொபர்ட்டோ லாரும் சொலானாஸும் அமைத்தது. தொடக்கத்தில் தாளக்கருவிகள் முழங்க, அந்த வேகத்திலேயே எழுத்துகளும் காட்சிகளும் இருளிலிருந்து பாய்ந்து மறைகின்றன. முதல் பகுதியின் இறுதியிலோ, கொல்லப்பட்ட சே குவேராவின் முகம் நிமிடக்கணக்கில் அசையாமல் நிற்க, தாளம் மட்டும் ஓயாமல் தொடர்கிறது. தாளக்கட்டு அறிந்த ஒருவர் தொகுத்ததால்தான் அந்த அசைவின்மை சலிப்பூட்டாமல் நம்மை உலுக்குகிறது என்பது என் எண்ணம்.

1976 ராணுவப் புரட்சிக்குப் பின் பாரிஸில் அகதியாக வாழ்ந்த அனுபவத்தையும் அவர் அர்ஜென்டினாவின் ஆடலிசையான டாங்கோ வழியாகவே சொன்னார். டாங்கோ இசையமைப்பாளர் ஆஸ்டர் பியசோலாவின் இசையோடு 1985இல் வந்த 'டாங்கோக்கள்', 1988இல் கான் விழாவில் சிறந்த இயக்குநர் விருது பெற்ற 'தெற்கு' ஆகிய இரண்டும் கதைப்படங்கள்தாம். ஆயினும் நாடிழந்தவர்களின் துயரை அவற்றில் வசனத்தைவிடப் பாட்டே அதிகம் சுமக்கிறது.

1991இல், அதிபர் மெனெமின் ஆட்சியை ஊழலுக்காக வெளிப்படையாகச் சாடிவந்த வேளையில், அவர் கால்களில் சுடப்பட்டார். அதற்குப் பிறகும் ஒதுங்காமல் நாடாளுமன்றம் சென்றார். 2001 பொருளாதாரச் சரிவைப் பற்றி 2004இலும், ரயில்வேயின் அழிவைப் பற்றி 2008இலும், பூச்சிக்கொல்லி தெளிக்கப்படும் ஊர்களைப் பற்றி 2018இலும் ஆவணப்படங்கள் எடுத்தார். யுனெஸ்கோவுக்கான தூதராகப் பாரிஸில் இருந்தபோது, 2020 நவம்பரில் கொரோனா தொற்றால் காலமானார்.

தங்கள் நாளிதழில் அவரைப் பற்றி இனி எழுதப்படும்போது, ஹெத்தினோவின் பெயரோடு லார், பியசோலா ஆகியோரின் பெயர்களும், சொலானாஸே அமைத்த இசையும் இடம்பெற வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்