லாலிக்குப் பின்னால் இருந்தவர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

தங்கள் ஞாயிறு இணைப்பில் அர்ஜென்டினப் பாடகி லாலி எஸ்போசிதோ பற்றிய கட்டுரை படித்தேன். 2003-இல் 'ரின்கோன் தே லூஸ்' தொலைக்காட்சித் தொடரில் சிறுமியாக நடித்தவர், 2022 உலகக் கோப்பைக் கால்பந்து இறுதிப் போட்டியில் தேசிய கீதம் பாடும் அளவுக்கு உயர்ந்ததைத் திறமை, அதிர்ஷ்டம் என்று மட்டும் சொல்லி முடித்தது பொருத்தமாகப் படவில்லை. அவரை வளர்த்தது தயாரிப்பாளர் கிரிஸ் மொரேனா உருவாக்கிய ஏற்பாடு. ஒரு தொடரில் நடித்த பிள்ளைகளே அடுத்த தொடரிலும் வருவார்கள். தொடரின் பாடல்கள் இசைத்தட்டாகும். போதாக்குறைக்கு புவெனோஸ் அயர்ஸின் கிரான் ரெக்ஸ் அரங்கில் மேடை நிகழ்ச்சியும் உண்டு. லாலியும் 'ஃப்ளோரிசியென்டா', 'காசி ஆன்ஹெலெஸ்' என்று இந்தப் படிகளில் ஏறி வந்தவர்தான். நடிப்பு, பாட்டு, நடனம் மூன்றையும் பள்ளி வயதிலேயே சுமக்க வைத்த உழைப்பு அது.

என் வகுப்பில் தொலைக்காட்சித் தொடரில் நடித்த மாணவி ஒருத்தி இருந்தாள். படப்பிடிப்புக்கு மறுநாள் முதல் பாடவேளையிலேயே மேசையில் தலை சாய்த்துவிடுவாள்; எழுப்ப மனம் வராது. அதனால்தான் 'சிகிடிட்டாஸ்', 'ரெபெல்தே வே' தொடர்களில் புகழ்பெற்று, பின்னர் தொலைக்காட்சியை விட்டே விலகிய கமிலா போர்தோனாபா போன்றோரைப் பற்றியும் எழுதுங்கள். குழந்தை நடிகர்களின் படப்பிடிப்பு நேரம், படிப்பு, ஊதியம் ஆகியவற்றை ஒரு பெட்டிச் செய்தியாகவாவது சேர்த்தால், பிள்ளைகளை நடிக்க அனுப்பும் பெற்றோருக்கு உதவும்.

– ஓய்வுபெற்ற ஆசிரியை, கும்பகோணம்